கேட்டு வாங்கின பெயர்

எங்கள் கம்பெனியில் நான்கு சாமுவேல் இருக்கிறோம். கட்டிங்கில் ஒருவன், தையலில் ஒருவன், பசை ஒட்டுகிற இடத்தில் ஒருவன். கடைசியாக ஷூவைத் திருப்பித் திருப்பிப் பார்த்துப் பெட்டிக்கு அனுப்புகிற இடத்தில் நான். அதனால் எனக்கு ‘செக்கிங் சாமுவேல்’ என்று பெயர். ஆம்பூரில் எந்தக் கம்பெனி வாசலில் நின்று அந்தப் பெயரைக் கூப்பிட்டாலும் இரண்டு பேராவது திரும்புவார்கள். அதெல்லாம் எங்கள் வயதுக்காரர்களோடு சரி. இப்போது ஞானஸ்நானத்துக்கு வருகிற குழந்தைகளின் புதுமாதிரிப் பெயர்களை வாசிக்க எங்கள் போதகரே கண்ணாடியைத் துடைத்துப் போட்டுக்கொள்கிறார். என் மகனுக்கும் நான் அந்தப் பெயரை வைக்கவில்லை. வைக்கவே கூடாது என்று பிடிவாதமாக இருந்தேன்.

அது சும்மா வைக்கிற பெயர் இல்லை. வேதத்தில் பிள்ளையில்லாத ஒருத்தி ஆலயத்தில் உதடு மட்டும் அசைய அழுகிறாள். ஆண்பிள்ளை கொடுத்தால் உமக்கே கொடுத்துவிடுகிறேன் என்கிறாள். பிள்ளை பிறந்ததும், கடவுளிடம் கேட்டு வாங்கினேன் என்று சொல்லி சாமுவேல் என்று பெயரிடுகிறாள். பால் மறந்ததும் கொண்டுபோய் ஆலயத்தில் விட்டுவிடுகிறாள். எபிரெய மொழியில் ‘தேவனுடைய நாமம்’ என்பதுதான் சரியான பொருள் என்று ஒரு கூட்டத்தில் ஒருவர் விளக்கினார். எங்கள் பக்கத்துத் தாய்மாருக்கு அந்த ஆராய்ச்சியெல்லாம் வேண்டாம். காத்திருந்து பெற்ற பிள்ளை, பொருத்தனை பண்ணி ஊழியத்துக்கென்று நேர்ந்துவிட்ட பிள்ளை. அவ்வளவுதான் அவர்களுக்குத் தெரிந்த பொருள்.

என் அம்மா ஒன்பது வருடம் காத்திருந்தாள். அதே பொருத்தனை, அதே பெயர். பன்னிரண்டாவது முடித்ததும் வேதாகமக் கல்லூரி விண்ணப்பத்தை வாங்கிவந்து என் முன்னால் வைத்தாள். மாட்டேன் என்று சொல்லிவிட்டு நான் ஷூ கம்பெனிக்குப் போய்விட்டேன். அதன்பிறகு வீட்டில் யாருக்குக் காய்ச்சல் வந்தாலும், அப்பா போய்ச் சேர்ந்தபோதும், அம்மா என்னைத்தான் பார்ப்பாள். “ஆண்டவருக்குச் சொன்ன சொல்லு...” என்று பாதியில் நிறுத்திவிடுவாள். முப்பது வருடமாக அந்தப் பாதியைக் கேட்டுக் கேட்டு அலுத்துவிட்டது. கேட்டது அவள், கொடுத்தது அவர். நடுவில் என்னை யார் கேட்டார்கள்?

போன வருடம் அம்மா குளியலறையில் வழுக்கி விழுந்து இடுப்பெலும்பு முறிந்தது. வேலூரில் ஓர் ஆஸ்பத்திரியில் ஆபரேஷன் பண்ணிப் பெண்கள் வார்டில் வைத்திருந்தார்கள். பகலில் என் மனைவி இருப்பாள். வேலை விட்டு, பஸ்ஸிலும் நின்றுகொண்டே நான் போய்ச் சேரும்போது சாயங்காலப் பார்வை நேரத்தில் அரைமணிதான் மிச்சம் இருக்கும். காலையிலிருந்து நின்ற கால். செக்கிங்கில் உட்கார இடம் கிடையாது.

மூன்றாம் நாள் நான் உள்ளே நுழைந்ததும் பக்கத்துக் கட்டில்காரி முந்தானையைச் சரிசெய்துகொண்டு எழுந்து உட்கார்ந்தாள். அணைக்கட்டு என்கிற ஊர்ப் பக்கம் நடவு வேலைக்குப் போகிறவள்.

“ஐயா, நாளைக்கு எனக்கு ஆபரேசன். நாங்க சாமி கும்புடறவங்கதான். இருந்தாலும் நீங்க ஒரு ஜெபம் பண்ணுங்க. நீங்க பாஸ்டர்னு அம்மா சொன்னாங்க.”

அம்மாவைப் பார்த்தேன். அவள் ஜன்னலைப் பார்த்தாள். எனக்குக் கோபம் தலைக்கேறியது. எழுபத்தெட்டு வயதில், அதுவும் ஆண்டவர் காரியத்தில், வாய்கூசாமல் ஒரு பொய். நான் ஷூவில் பசைக்கறை துடைக்கிறவன் என்று சொல்லத்தான் வாயெடுத்தேன். சொன்னால் வார்டு முழுக்க அம்மாவின் மானம் போகும். அந்தப் பெண்ணோ கையைக் கூப்பிக் கண்ணையும் மூடிவிட்டாள். தெரிந்ததைச் சொல்லி ஜெபித்தேன். எல்லாரையும்விடச் சத்தமாக அம்மாதான் ஆமென் சொன்னாள்.

அந்தப் பெண்ணுக்கு ஆபரேஷன் நல்லபடியாக முடிந்தது. அதோடு நான் தொலைந்தேன். அடுத்த நாளிலிருந்து கட்டில் கட்டிலாகக் கூப்பிட்டார்கள். பித்தப்பைக்கு ஒரு ஜெபம், கர்ப்பப்பைக்கு ஒன்று, குடிக்கிற புருஷனுக்கு ஒன்று. என் சட்டையில் அடித்த பசை வாடையை ஒருத்தி ஏதோ அபிஷேகத் தைலம் என்றே நினைத்துக்கொண்டாள். தலையணையில் சாய்ந்தபடி அம்மா எல்லாவற்றையும் பார்த்துக்கொண்டிருப்பாள். அவள் முகத்தில் அவ்வளவு நிம்மதியை நான் அதற்குமுன் பார்த்ததில்லை. அதனால்தான் நிறுத்த முடியவில்லை. எரிச்சலாகவும் இருந்தது, பாவமாகவும் இருந்தது.

ஒரு வெள்ளிக்கிழமை, சரக்கு போகிற அவசரம் என்று விடியற்காலையிலேயே வரச்சொல்லியிருந்தார்கள். சாயங்காலம் வார்டில், அரக்கோணத்திலிருந்து வந்திருந்த ஒரு கிழவியின் கட்டிலருகே நின்று “பரலோகப் பிதாவே” என்று ஆரம்பித்தேன். அதோடு சரி. நின்றபடியே தூங்கிவிட்டேன். எவ்வளவு நேரம் என்று தெரியாது. முழங்கால் மடங்கித் திடுக்கிட்டு விழித்தபோது வார்டே கண்மூடி அமைதியாக இருந்தது. ஆவியில் நிறைந்து நிற்கிறேன் என்று நினைத்திருப்பார்கள். கண் திறந்திருந்தது ஒருத்திக்குத்தான். அம்மா என் கால்களையே பார்த்துக்கொண்டிருந்தாள். அவசரமாக ஆமென் சொல்லி முடித்தேன். அன்றைக்கு அவள் ஆமென் சொல்லவில்லை.

மறுநாள் எதிர்க் கட்டிலில் புதிதாக ஓர் அம்மாள். அவர் மகள் பக்கத்தில் ஸ்டூல் போட்டு உட்கார்ந்திருந்தாள். மற்றவர்கள் ஏற்கெனவே சொல்லி வைத்திருப்பார்கள் போலிருக்கிறது. என்னைக் கண்டதும் எழுந்து, “பாஸ்டர், எங்கம்மாவுக்கும்...” என்று தொடங்கினாள்.

“பாஸ்டர் இல்லமா அவன்,” என்றாள் அம்மா. சின்னக் குரல்தான், ஆனாலும் எல்லாருக்கும் கேட்டது. “ஆம்பூர்ல ஷூ கம்பெனில செக்கிங் பாக்கறான். நான்தான் பொய் சொல்லிட்டேன்.”

அணைக்கட்டுக்காரி போர்வையின் ஓரத்தைப் பிடித்துக்கொண்டு குனிந்திருந்தாள். முப்பது வருடமாக அம்மா சொல்லாமல் விட்ட அந்த மீதிப் பாதி இப்போது எல்லார் முன்னாலும் வரப்போகிறது என்று நினைத்து நின்றேன். அம்மா எதிர்க் கட்டில் பெண்ணைப் பார்த்துக் கையை நீட்டினாள்.

“காலைலேர்ந்து நின்னுட்டே இருக்கான்மா. அந்த ஸ்டூல கொஞ்சம் அவனுக்குக் குடு.”

என்னைக் கடவுளிடம் கேட்டு வாங்கினவள் அவள். என் காதுபட எனக்காக ஒன்றை அவள் கேட்டது அன்றைக்குத்தான். அந்தப் பெண் ஸ்டூலைக் கொண்டுவந்து போட்டாள். நான் உட்கார்ந்தேன்.