அலமாரியின் முதுகில் ஒரு பெருக்கல் குறி

சுவரோடு சாத்தியிருந்த தேக்கு அலமாரியை ஆட்கள் முன்னால் இழுத்தபோதுதான் அது தெரிந்தது. முதுகுப் பலகையில், தூசிக்கும் சிலந்தி வலைக்கும் நடுவே, வெள்ளைச் சுண்ணக்கட்டியால் போட்ட ஒரு பெருக்கல் குறி. மலேசியாவின் ஜொகூர் பாருவில் அக்கா வீடு மாறுகிறாள் என்று சிங்கப்பூர் ஆங் மோ கியோவிலிருந்து உதவிக்குப் போயிருந்தேன். அரை நூற்றாண்டுக்கு மேலாகியும் அழியவில்லையே என்று ஆச்சரியப்பட்டிருக்க வேண்டும். எனக்கு முகம்தான் சூடானது.

அப்பா சிங்கப்பூரில் வர்த்தக அதிகாரி. மலேசியாவிலிருந்து நாங்கள் பிரிந்த மறு வருடம், இரு நாட்டுக்கும் இடையே வரியில்லாமல் சரக்குகள் போய்வர ஓர் ஒப்பந்தம் செய்துகொள்ளலாமா என்று பேச்சு நடந்தது. எங்கள் குழுவில் அப்பாவும் ஒருவர். நேற்றுவரை ஒரே நாடாக இருந்தவர்கள் மேசைக்கு இந்தப் பக்கமும் அந்தப் பக்கமும் உட்கார்ந்து பிஸ்கட்டுக்கும் சோப்புக்கும் மல்லுக்கட்டினார்கள். அப்பா விடாமல் பிடித்த பிடி ஒன்று உண்டு. எல்லையில் நிற்கும் சுங்க அதிகாரியின் இஷ்டத்துக்கு எதையும் விடக்கூடாது. ஒருவனுக்குத் திறந்து இன்னொருவனுக்கு மூடினால் அது ஒப்பந்தமே இல்லை என்பார். ‘கொஞ்சம் பார்த்துச் செய்யுங்க’ என்பது எங்கள் வீட்டில் கெட்ட வார்த்தை மாதிரி. எனக்குப் பள்ளியில் இடம் கேட்கப் போன அம்மா அப்படிச் சொல்லிவிட்டாள் என்று சில நாள் அவளோடு பேசாமலே இருந்தார்.

அந்தச் சமயத்தில்தான் அக்காவுக்கு ஜொகூர் பாருவில் மாப்பிள்ளை அமைந்தது. நிச்சயத்தன்று சீர்ப் பேச்சு வந்தபோது, அலமாரியும் கட்டிலும் எல்லைக் கடற்பாலத்தைத் தாண்டினால் வரி விழுமே, அங்கேயே வாங்கிக்கொள்ளலாமே என்று சம்பந்தி மாமா நல்ல மனதோடுதான் சொன்னார். அப்பா கேட்கவில்லை. “முகூர்த்தத்துக்குள்ள கையெழுத்தாயிடும். சிங்கப்பூர்ல செஞ்ச சாமானுக்கு வரிங்கிற பேச்சே இருக்காது. அந்த மேசையில உக்காந்திருக்கிறவன் சொல்றேன்” என்றார். சம்பந்தி மாமா அதை ஊரெல்லாம் சொல்லிவைத்தார்.

சிராங்கூன் சாலைக் கோயிலில் கல்யாணம் நடந்தது. பேச்சுவார்த்தை தள்ளிப்போய்க்கொண்டே இருந்தது.

சீர் லாரியைப் பாலத்தின் அந்தக் கோடியில் சுங்கச் சாவடியில் நிறுத்தினார்கள். அக்கா வந்த கார் சாவடி ஜன்னலுக்கு எதிரே நின்றது. அலமாரி, கட்டில், நிலைக்கண்ணாடி எல்லாம் சாலையோரத்தில் இறங்கின. கண்ணாடியில் போகிற வருகிற பஸ்கள் தெரிந்தன. ஜன்னல் வழியே எங்களை வேடிக்கை பார்த்த முகங்களும் தெரிந்தன. சம்பந்தி மாமா கழுத்தைத் துடைத்துக்கொண்டு, “என்ன சம்பந்தி, இன்னும் கையெழுத்தாகலியா லா?” என்றார். ‘லா’ அங்கே எல்லோர் பேச்சிலும் வரும் ஒட்டு; கேள்வியில் கேலி இல்லை. அதனாலேயே தாங்க முடியவில்லை.

ரசீதுகளை என் கையில் கொடுத்து அப்பா உள்ளே அழைத்துப் போனார். மேசைக்குப் பின்னாலிருந்து எழுந்தவரைக் கண்டதும் அப்பாவின் நடை தளர்ந்தது. பேச்சுவார்த்தையில் எதிர்ப்பக்கத்துக்கு ஆலோசகராக வரும் தமிழ் அதிகாரி அவர். இவரைப் போன்றவர்களின் இஷ்டத்தைப் பற்றித்தான் அப்பா அங்கே முழங்கியிருந்தார். “வாங்க சார், உக்காருங்க” என்று அந்த அதிகாரி மரியாதையாகத்தான் சொன்னார். வரியைக் கட்டுங்கள், இல்லாவிட்டால் சாமான் இங்கே இருக்கட்டும், பிறகு கட்டி எடுத்துக்கொள்ளுங்கள் என்றார். கையிலிருந்ததெல்லாம் கல்யாணத்தில் கரைந்திருந்தது. சீர் இல்லாமல் அக்கா புகுந்த வீட்டு வாசலில் இறங்கினால் எந்த அரசாங்கத்தையும் யாரும் குறை சொல்லப் போவதில்லை. அவளைத்தான் சொல்வார்கள், காலம் முழுக்க.

அப்பா ஜன்னல் வழியே வெளியே பார்த்தார். பிறகு இரண்டு கைகளையும் கூப்பினார்.

“பொண்ணு விஷயம். கொஞ்சம் பார்த்துச் செய்யுங்க.”

அந்த மனிதர் சிரித்திருந்தால்கூடத் தேவலாம். அவர் தலையைக் குனிந்துகொண்டார். வெளியே வந்து, தானே சுண்ணக்கட்டியை எடுத்து ஒவ்வொரு சாமானிலும் குறி போட்டார். சோதித்தாயிற்று, போகலாம் என்று அதற்கு அர்த்தம். எனக்கு முதலில் வந்தது நிம்மதிதான். வெட்கம் வீடு திரும்பும்போது வந்தது. அப்பாவைப் பார்க்கக் கூசி நான் கடலைப் பார்த்துக்கொண்டு வந்தேன்.

அடுத்த சுற்றுப் பேச்சில், அதிகாரியின் இஷ்டத்துக்கு விடக்கூடாது என்ற அந்த நிபந்தனை வந்தபோது, இதை நாங்கள் வற்புறுத்தவில்லை என்று அப்பாவே விட்டுக்கொடுத்துவிட்டாராம். ஓய்வு பெற்ற பிறகு ஒரே ஒரு தரம் சொன்னார். “அந்த ஆபீசர் பதிலுக்கு ஒண்ணும் கேக்கலம்மா. கேட்டிருந்தா மறுத்திருப்பேன்.” அந்த ஒப்பந்தம்தான் கடைசிவரை வரவில்லையே, யாருக்கு என்ன நஷ்டம் என்று சமாதானம் சொல்லிப் பார்த்தேன். அவர் காதில் அது ஏறவில்லை.

சம்பந்தி மாமாவுக்கோ பெருமை பிடிபடவில்லை. “எங்க சம்பந்தி உள்ள போயி ஒரு வார்த்தைதான் சொன்னாரு, கேட் தொறந்திருச்சு லா” என்று வளைகாப்பு, காதுகுத்து ஒன்று விடாமல் சொல்வார். பந்தியில் அப்பா இலையையே பார்த்துக்கொண்டிருப்பார். அந்த ஒரு வார்த்தை என்னவென்று தெரிந்தவர்கள் அவரும் நானும் மட்டும்தான் என்று இத்தனை காலம் நினைத்திருந்தேன்.

ஈரத்துணியை எடுத்துக்கொண்டு அலமாரியின் பின்னால் குனிந்தேன். அக்கா என் கையைப் பிடித்துக்கொண்டாள்.

“அழிக்காத.”

“இது என்னன்னு தெரியுமாக்கா?”

“தெரியாம என்ன? கார்ல உக்காந்து அந்த ஜன்னலத்தான பார்த்துக்கிட்டிருந்தேன். அப்பா கையக் கூப்புனாரு. நீ தலையக் குனிஞ்சுக்கிட்ட.” துணியை என்னிடமிருந்து வாங்கி வைத்தாள். “அலமாரிய எல்லா அப்பாவும்தான் வாங்கிக் குடுப்பாங்க. இந்தக் குறிய யாரு குடுப்பா?”

பிறகு ஆட்களைக் கூப்பிட்டு, புது வீட்டிலும் அதன் முதுகைச் சுவரோடு சேர்த்தே வைக்கச் சொன்னாள்.