எட்டரை மணி போன்

எங்கள் வீட்டில் மாடி அறையை விட்டால் செல்போனுக்கு ஒழுங்காக சிக்னல் கிடைக்கும் ஒரே இடம் மாடிப்படி. அதிலும் கீழேயிருந்து மூன்றாவது படி. இந்த வீட்டில் நான் அதிகமாக உட்கார்ந்த இடம் எது என்று யாராவது கேட்டால் அதைத்தான் சொல்வேன். சோபா என்று ஒன்று இருக்கிறது, விருந்தாளிகளுக்காக வாங்கியது. விருந்தாளிகள் வராததால் துவைத்த துணி அதில் உட்கார்ந்திருக்கிறது.

அடி அண்ணாமலைக்குப் பக்கத்தில் மனை வாங்கி வீடு கட்டியபோது எனக்கு முப்பது தாண்டியிருந்தது. என் பிறந்த வீடு கீழ்பென்னாத்தூரில். அங்கேயிருந்து வந்தவர்கள் எல்லாம், "மலை சுத்துற ரோட்டுக்கு இவ்ளோ கிட்டக்கவா!" என்று வாயைப் பிளந்தார்கள். எனக்குப் பெருமை தாங்கவில்லை. மலைக்கு மேற்கே இருப்பதால் சூரியன் மலையைத் தாண்டித்தான் எங்களிடம் வரவேண்டும். டவுனில் கடை திறந்து வியாபாரம் ஆரம்பித்த பிறகுதான் எங்கள் வாசலில் வெயில் விழும். மாடியில் ஒரே ஒரு அறை கட்டினோம். ஜன்னலைத் திறந்தால் மலை முழுதாகத் தெரியும். அது எனக்கும் என் கணவருக்குமான அறை. ஜன்னல் இன்னும் பெரிதாக வேண்டும் என்று மேஸ்திரியோடு சண்டை போட்டது நான்தான்.

கையிருப்பு, நகை எல்லாம் போட்டது போக எட்டு லட்சம் பேங்கில் கடன் வாங்கினோம். பதினைந்து வருடம் கட்ட வேண்டும். "கண்ண மூடித் தொறந்தா போயிடும்" என்றார் அவர். ஸ்ரீபெரும்புதூர் பக்கம் கார் உதிரிபாகம் செய்கிற ஒரு கம்பெனியில் அவருக்கு வேலை. திருவண்ணாமலையில் அந்தச் சம்பளத்துக்கு வேலை கிடையாது. அந்தச் சம்பளம் இல்லாமல் கடன் கிடையாது. ஆகவே அவர் அங்கே நான்கு பேரோடு ஓர் அறையில், நானும் மகளும் இங்கே புது வீட்டில் என்று ஏற்பாடு. கடன் முடிந்த மறுநாளே வேலையை விட்டுவிட்டு வந்துவிட வேண்டும், இங்கேயே சின்னதாக ஏதாவது பார்த்துக்கொள்ளலாம் என்று பேசி வைத்திருந்தோம். கிருகப்பிரவேசத்துக்கு மறுநாள் அவர் பையைத் தூக்கிக்கொண்டு பஸ் ஏறியபோது வீட்டில் ஹோமப் புகை வாசனைகூடப் போகவில்லை.

தினமும் இரவு எட்டரைக்கு அவரிடமிருந்து போன் வரும். அறைக்குள் மற்றவர்கள் இருப்பதால் அவரும் அங்கே ஒரு படிக்கட்டில் உட்கார்ந்துதான் பேசுவாராம். "சாப்ட்டியா? இன்னா கொழம்பு? பாப்பா இன்னா பண்றா?" என்று வரிசையாகக் கேட்பார். அப்புறம் அவர்கள் மெஸ்ஸில் ஊற்றிய சாம்பாரைப் பற்றி ஆரம்பிப்பார். அதில் பருப்பைத் தேடிய கதையை அவர் சொன்னால் வயிறு வலிக்கச் சிரிக்கலாம். கல்யாணமான புதிதில் இந்த மனிதர் வாயைத் திறக்கவே யோசிப்பார். போன் வந்த பிறகுதான் எனக்குப் பேசுகிற கணவர் கிடைத்தார். கடைசியில் நான், "எப்ப வரீங்க?" என்பேன். "சனிக்கிழமை" என்பார். போனை வைத்துவிடுவோம்.

எல்லாச் சனிக்கிழமையும் வந்துவிடவில்லை. ஞாயிற்றுக்கிழமை ஓவர்டைம் பார்த்தால் இரட்டைச் சம்பளம் என்பதால் இரண்டு வாரத்துக்கு ஒரு முறை ஆனது, பிறகு மாதத்துக்கு ஒரு முறை. பௌர்ணமியோடு சேர்ந்த சனிக்கிழமை என்றால் கேட்கவே வேண்டாம். ஊருக்கு வெளியிலேயே பஸ்ஸை நிறுத்திவிடுவார்கள். மலை சுற்ற வந்த ஜனக்கூட்டத்துக்குள் பையைத் தலையில் வைத்துக்கொண்டு பாதி மலையைச் சுற்றித்தான் அவர் வீட்டுக்கு வருவார். "புண்ணியமாச்சும் ஜாஸ்தியா சேரட்டும்" என்று நான் கிண்டல் செய்வேன். அவர் சிரிக்காமல் போய்ப் படுத்துவிடுவார். ஞாயிறு முழுக்கத் தூங்குவார். சாயங்காலம் கிளம்புவார். எழுப்பிப் பேசலாம் என்று மாடி அறை வாசல்வரை போய், முகத்தைப் பார்த்துவிட்டு எத்தனையோ முறை திரும்பி வந்திருக்கிறேன்.

ஏழெட்டு வருடம் போயிருக்கும். என் அப்பா மல்லாட்டை, அதாவது வேர்க்கடலை, போட்ட நிலத்தை விற்றதில் என் பங்காக இரண்டு லட்சம் வந்தது. அப்படியே கடனில் கட்டிவிடலாம் என்று பேங்குக்குப் போனேன். கவுன்டரில் இருந்த பெண், "இ.எம்.ஐ. கம்மி பண்ணணுமா மேடம், இல்ல வருஷத்தைக் கம்மி பண்ணணுமா?" என்று கேட்டாள். புடவைக்கடையில் பச்சை எடுக்கட்டுமா நீலம் எடுக்கட்டுமா என்று கேட்பதுபோல அவ்வளவு சாதாரணமாகத்தான் கேட்டாள். நான் அவருக்குப் போன் போட்டேன். பின்னால் மிஷின் சத்தம். "இ.எம்.ஐ.யையே கம்மி பண்ணிடச் சொல்லு. மாசா மாசம் கொஞ்சம் மூச்சு வுடலாம்" என்று கத்தினார். எனக்கும் அதுதான் சரியென்று பட்டது. மகளுக்குப் பள்ளி வேன் கட்டணம் இருந்தது, வீட்டில் ஃப்ரிட்ஜ் இல்லை. யாரும் எங்களை ஏமாற்றவில்லை. கேட்டார்கள், சொன்னோம். அந்தக் கவுன்டரில் எனக்கு வருடங்களை விலைக்குக் கொடுக்க வந்தார்கள், நான் ஃப்ரிட்ஜ் வாங்கிக்கொண்டேன்.

பதினைந்தாவது வருடம் முடிகிற மாதம் வந்தது. எனக்குத் தேதி மனப்பாடம். நான் டவுனில் ஒரு தனியார் பள்ளி ஆபீசில் வேலை பார்த்தேன். அன்று அரை நாள் லீவு போட்டு, ஒரு கிலோ மைசூர்பாகு வாங்கிக்கொண்டு பேங்குக்குப் போனேன். கடன் முடிகிறவர்கள் எல்லாரும் ஸ்வீட் கொடுப்பார்கள் என்று நானாகவே நினைத்துக்கொண்டிருந்தேன். ஆபீசர் சின்ன வயதுக்காரர். பெட்டியைப் பார்த்துச் சிரித்தார். கம்ப்யூட்டரைப் பார்த்ததும் சிரிப்பு போய்விட்டது.

"மேடம், இன்னும் எட்டு வருஷம் இருக்குது."

"பதினஞ்சு வருஷம்னுதான சார் கையெழுத்து போட்டோம்?"

"நடுவுல வட்டி ஏறிச்சில்ல மேடம். மாசம் கட்டறது ஏறக்கூடாதுன்னு வருஷத்தை ஏத்தியிருக்காங்க. மெசேஜ் வந்திருக்குமே?"

வந்திருக்கும். பேங்கிலிருந்து நாளுக்கு நாலு மெசேஜ் இங்கிலீஷில் வரும். பர்சனல் லோன் வேண்டுமா, கார்டு வேண்டுமா என்று. அதோடு அதாக இதையும் அழித்திருப்பேன். "அப்ப நாங்க இத்தன வருஷம் கட்டனது?" என்று கேட்டேன். "ஆரம்பத்துல கட்டறதுல பெரும்பங்கு வட்டிக்குதான் மேடம் போகும். அசல் மெதுவாத்தான் கொறையும்" என்றார். இரண்டு லட்சம் கட்டிய அன்றைக்கு மாதத் தொகையைக் குறைக்காமல் வருடத்தைக் குறைத்திருந்தால் இந்த எட்டில் பெரும்பகுதி இருந்திருக்காது என்பதையும் அவர்தான் சொன்னார். நல்ல மாதிரியாகத்தான் சொன்னார். எனக்கு அவர் மேல் கோபம் வரவில்லை. எனக்கு வந்த கோபத்துக்கு ஆள் கிடைக்காமல், வெளியே வந்து ஆட்டோக்காரரோடு பத்து ரூபாய்க்குச் சண்டை போட்டேன். மைசூர்பாகு பெட்டி மடியிலேயே வீட்டுக்கு வந்தது.

என் கணவர் வேலையை விடுவதாக சூப்பர்வைசரிடம் சொல்லியாகிவிட்டது. அறையில் கூட இருந்தவர்கள் அவருக்குப் பிரியாணி வாங்கிக்கொடுத்து வழியனுப்பும் விழாகூட முடித்துவிட்டார்கள். அன்று எட்டரைக்குப் போன் வந்தது. படியில் உட்கார்ந்து எல்லாவற்றையும் சொன்னேன்.  "இன்னாங்க பண்றது?" என்றேன்.

"என் பக்கெட்ட புதுசா வந்த ஒருத்தருக்குக் குடுத்துட்டேன். திருப்பிக் கேக்க வெக்கமா இருக்குது. வேற வாங்கிக்கறேன்" என்றார்.

வட்டி, அசல், எட்டு வருடம் எதற்கும் எனக்கு அழுகை வரவில்லை. அந்த பக்கெட்டுக்கு அழுதேன். அவருக்குக் கேட்கக்கூடாது என்று முந்தானையை வாயில் வைத்துக்கொண்டு அழுதேன். எனக்கு அவர் வேண்டியிருந்தது. வீடு, மலை, ஜன்னல் எதுவும் வேண்டாம், இந்த மனிதர் இன்றைக்கு வந்து கூடத்தில் சும்மா உட்கார்ந்தால் போதும் என்று இருந்தது. அதைச் சொல்லவில்லை. "எப்ப வரீங்க?" என்றுதான் கேட்டேன். "சனிக்கிழமை" என்றார்.

அதற்குப் பிறகு எனக்கு வெறி பிடித்துவிட்டது. மாடி அறையை வாடகைக்கு விட்டேன். மலையை நம்பி வருகிறவர்களுக்கு இந்தப் பக்கத்தில் நல்ல வாடகை. வெளிநாட்டு அம்மா ஒருவர் குளிர்காலம் முழுக்கத் தங்குவார், மற்ற மாதங்களில் வேறு யாராவது. அந்த அம்மா என் பெரிய ஜன்னல் முன்னால் உட்கார்ந்து நாளெல்லாம் மலையைப் பார்ப்பார். தனியாக இருக்க வேண்டும் என்பதற்காகவே எல்லாரையும் விட்டு வந்ததாகச் சொன்னார். தனிமையைத் தேடி அவர் ஆகாயத்தில் பறந்து வந்திருக்கிறார். எனக்கு அது மாதத் தவணையில் வீட்டுக்கே வந்துகொண்டிருந்தது. நான் கீழே பின்னறைக்குப் போய்விட்டேன். அங்கே ஜன்னலைத் திறந்தால் பக்கத்து வீட்டு மோட்டார் ரூம். கிடைத்த பணத்தையெல்லாம் கொண்டுபோய்க் கட்டினேன். கவுன்டரில் அவர்கள் வாயைத் திறப்பதற்குள், "வருஷத்தைக் கம்மி பண்ணுங்க" என்பேன்.

அந்த நாட்களில்தான் மகள் கல்யாணமாகி பெங்களூர் போனாள். அப்பாவை அவளுக்கு ஞாயிற்றுக்கிழமைக்காரராகத்தான் தெரியும். போகும்போது என்னைக் கட்டிப்பிடித்து அழுதாள். அவரிடம் போய், "உடம்பப் பாத்துக்கோங்க" என்று சொல்லிவிட்டுத் தள்ளி நின்றாள். அவள் போன பிறகு வீட்டில் நான் போடுகிற சத்தம் மட்டும்தான். தூக்கம் வர டி.வி.யை ஓடவிட்டுப் படுக்கப் பழகினேன்.

எட்டு வருடம் ஐந்தில் முடிந்தது. வாங்கிய எட்டு லட்சத்துக்கு அதைப்போல் இரண்டு மடங்குக்கும் மேலே கட்டியிருக்கிறோம். பேங்கில் பத்திரத்தைக் கையில் கொடுத்தார்கள். இந்த முறை ஸ்வீட் வாங்கவில்லை. கணக்கு அதோடு முடிந்தது என்று நம்பினேன்.

அவர் வந்தார். ஒரு டிரங்குப் பெட்டி, ஒரு பை, அந்த இரண்டாவது பக்கெட். மாடி அறையைக் காலி செய்து, கழுவி, புது மெத்தை போட்டு வைத்திருந்தேன். முதல் நாள் காலையில் சோப்பு டப்பாவையும் துண்டையும் கையில் பிடித்துக்கொண்டு சமையலறை வாசலில் வந்து நின்றார்.

"பாத்ரூம்ல ஆள் இருக்குதா?" என்று கேட்டார்.

"இந்த வூட்ல யாரு இருக்கப் போறாங்க? போங்க" என்றேன்.

குளித்துவிட்டு சோப்பை டப்பாவில் போட்டு மறுபடி மாடிக்கே எடுத்துப்போனார். சாப்பிட்டதும் தட்டைத் தானே கழுவிக் கவிழ்த்தார். எழுந்ததும் போர்வையையும் தலையணையையும் சேர்த்துச் சுருட்டிச் சுவரோரம் வைத்தார். ஃபேனை நிறுத்தும் முன் என்னிடம் அனுமதி கேட்டார். நான் முதலில் கேலி செய்தேன். அப்புறம் கேலி செய்ய முடியவில்லை. தன் சொந்த வீட்டில் அவர் யாருக்கோ இடைஞ்சல் இல்லாமல் இருக்கப் பார்த்தார்.

எனக்கு டி.வி. சத்தம் இல்லாமல் தூக்கம் வராது. அவருக்குச் சத்தம் இருந்தால் வராது. பக்கத்தில் ஓர் ஆள் மூச்சு விடுவது எனக்குப் புதிதாக இருந்தது, நான் புரண்டால் அவர் திடுக்கிட்டு எழுந்தார். ஷிப்டுக்குப் பழகிய உடம்பு, விடியும் முன்னே எழுந்து என்ன செய்வதென்று தெரியாமல் கட்டிலில் உட்கார்ந்திருப்பார். ஒரு வாரம் தாங்கினேன். "முட்டி வலிக்குது, படி ஏற முடியல. நான் கீழயே படுத்துக்கறேன்" என்றேன். "ஆமா, ஆமா, நீ கீழயே படு" என்று உடனே சொன்னார். அவ்வளவு சீக்கிரம் சொல்லியிருக்க வேண்டாம். எனக்கு வலித்தது. அதே நேரத்தில், அன்று நன்றாகத் தூங்கினேன் என்பதையும் எழுதத்தான் வேண்டும்.

சாப்பிடும்போது எதிரெதிரே உட்காருகிறோம். "இன்னும் கொஞ்சம் போடட்டுமா?" "போதும்." அதற்கு மேல் எனக்கும் வார்த்தை வரவில்லை, அவருக்கும் வரவில்லை. முகத்தைப் பார்த்துப் பேசுவது எங்களுக்கு விட்டுப்போயிருந்தது. இனிமேல் கற்றுக்கொள்கிற வயதா என்று தெரியவில்லை.

போன வாரம் ஒரு நாள் அப்படித்தான் சாப்பிட்டு, தட்டைக் கழுவிக் கவிழ்த்துவிட்டு அவர் மாடிக்குப் போனார். நான் அடுப்பைத் துடைத்துக்கொண்டிருந்தேன். எட்டரைக்குப் போன் அடித்தது. அவர் பெயர். கையைத் துடைத்துக்கொண்டு போய் மூன்றாவது படியில் உட்கார்ந்தேன்.

"சாப்ட்டியா?"

"சாப்ட்டேன். நீங்க?"

"ஆச்சு. இன்னா கொழம்பு?"

அரை மணி நேரம் முன்னால் நான்தான் அவருக்கு ஊற்றினேன். "கத்திரிக்கா காரக் கொழம்பு" என்றேன். "காரம் ஜாஸ்தி" என்று ஆரம்பித்தார். அங்கிருந்து மெஸ் சாம்பாருக்குப் போனார், கூட இருந்தவரின் குறட்டைக்குப் போனார், ஜன்னலில் மலை எவ்வளவு கறுப்பாக நிற்கிறது என்று சொன்னார். நான் சிரித்தேன். மகள் மாசமாக இருப்பதைச் சொன்னேன், இரண்டு நாளாக நேரில் சொல்ல வராத சேதி அது. அவர் குரல் காதில் கேட்டது, கொஞ்சம் தாமதித்துப் படிகளின் மேலேயிருந்தும் கேட்டது. ரொம்ப நாளைக்குப் பிறகு எனக்குச் சந்தோஷமாக இருந்தது. இருபது வருடமாக நான் வீட்டுக்கு வரச்சொல்லிக் கேட்டுக்கொண்டிருந்த மனிதர் இவர்தான்.

பேச்சு முடிகிற இடம் வந்தது. வாய் தானாகக் கேட்டுவிட்டது.

"எப்ப வரீங்க?"

"சனிக்கிழமை" என்றார்.

அன்று செவ்வாய்க்கிழமை. சரி என்று சொல்லிவிட்டு நான் போனை வைத்தேன்.