வெள்ளைப்பூ யாருக்கு வந்தது

எங்கள் வீட்டில் அப்பா, அம்மா, அண்ணன், அண்ணி, நான் என்று ஐந்து பேர். ஒரே அடுப்பு, ஒரே குளியலறை. ஆனால் ஆளாளுக்கு மனசுக்குள் ஒரு கோட்டை கட்டி வைத்திருந்தார்கள் என்பது என்னைப் பெண் பார்த்துவிட்டுப் போன பிறகுதான் தெரிந்தது.

வந்தவர்கள் எடப்பாடியில் தறிப்பட்டறை வைத்திருக்கும் குடும்பம். மாப்பிள்ளை வந்து உட்கார்ந்ததிலிருந்து எழுந்து போகும்வரை செல்போனிலிருந்து தலையைத் தூக்கவில்லை. எனக்குப் பிடிக்கவில்லை என்று சொன்னேன். யார் காதிலும் ஏறவில்லை. “நம்ம கையில என்ன இருக்குது சாமி? பூக் கேட்டுப்போடலாம்” என்றார் அப்பா.

குலதெய்வத்தின் முன்னால் வெள்ளைப்பூவை ஒரு பொட்டலமாகவும் சிவப்புப்பூவை ஒரு பொட்டலமாகவும் கட்டிவைத்து, ஒன்றை எடுத்துப் பிரிப்பது எங்கள் பக்கத்து வழக்கம். வெள்ளை வந்தால் சாமிக்குச் சம்மதம். சிவப்பு வந்தால் அந்தப் பேச்சையே எடுக்கக் கூடாது.

“எல்லாரும் மனசுல நல்லா நெனச்சுக்குங்க” என்றார் பூசாரி. நால்வரும் கண்ணை இறுக்கி மூடிக்கொண்டார்கள். அப்பப்பா, என்ன பக்தி! அவர் எடுத்துப் பிரித்த பொட்டலத்தில் வெள்ளை அரளி இருந்தது.

திரும்பும் வழியில், கார் சேந்தமங்கலம் தாண்டுவதற்குள் அண்ணிக்கு வாய் நிற்கவில்லை. “நான் நெனச்சாப்பலயே வந்துருச்சுங்க. இனி அந்த மேல் ரூம் நமக்குத்தானுங்க” என்று அண்ணனிடம் குழைந்தாள். மேல் அறை என்னுடையது. அண்ணன் சும்மா இருப்பானா? மாப்பிள்ளையைக் கூட்டுச் சேர்த்து, ஆழ்துளைக் கிணறு தோண்டும் ரிக் வண்டி வாங்கி, மனசுக்குள்ளேயே ராஜஸ்தான்வரை போர்வெல் போட்டுவிட்டு வந்திருந்தான். அப்பா தன் நினைப்பில், சம்பந்தி பலத்தில் கோயில் கமிட்டித் தலைவராகி மாலையோடு நின்றாராம். அம்மா மட்டும் மழுப்பினாள். விடாமல் கேட்டதும், “இவளக் கட்டிக் குடுத்துட்டா நான் காசிக்குப் போலாமுன்னு நெனச்சேன், தனியா” என்றாள். அப்பா ஜன்னல் பக்கம் திரும்பிக்கொண்டார்.

மாப்பிள்ளை நல்லவனா என்று சாமியிடம் கேட்க இவர்களில் ஒருவருக்குக்கூடத் தோன்றவில்லை.

“நீ என்ன சாமி பேசாம வார? நீயென்ன நெனச்சே?” என்றார் அப்பா.

“இந்தச் சம்பந்தம் வேண்டாமுன்னா வெள்ளப்பூ வரட்டுமுன்னு நெனச்சேனுங்கப்பா.”

என் பேச்சை மீறுவார்கள். சாமி வாக்கை மீற அத்தனை பேருக்கும் பயம்.

மறுநாள் காலையில் அப்பா எடப்பாடிக்குப் போன் போட்டார்.

“என்னங்க பண்றது? பூ செவப்பா வந்துருச்சுங்க.”