திருப்பாத பக்கம்

நசரத்பேட்டையில் நான் வைத்திருப்பது பேருக்குத்தான் ஜெராக்ஸ் கடை. பாதி நாள் பிழைப்பு அரியர் வைத்த பிள்ளைகளைத் தேற்றுவது. ரிசல்ட் பக்கம் திறக்கும்போது கண்ணை மூடிக்கொண்டு 'நீங்களே பாருங்கக்கா' என்று சொன்னவர்களே, இது நம்ம கதை.

கூட்டலா, மதிப்பீடா?

திருவேற்காட்டிலிருந்து கௌசல்யா வந்தாள். பி.காம். கடைசி செமஸ்டரில் ஒரே ஒரு பேப்பர் போச்சு. அம்பத்தூர் தொழிற்பேட்டை எஸ்டேட்டில் ஒரு கம்பெனியில் வேலை உறுதியாகியிருந்தது. மூன்று மாதத்துக்குள் பாஸானதைக் காட்டாவிட்டால் அந்த வேலை வேறொருவருக்கு. மறுகூட்டல் போட்டால் போதும் என்றாள். எனக்குச் சுருக்கென்று கோபம். மறுகூட்டல் என்றால் போட்ட மார்க்கைத் திரும்பக் கூட்டுவார்கள், அவ்வளவுதான். மறுமதிப்பீடு என்றால்தான் திரும்பப் படித்துத் திருத்துவார்கள். மாற்றி விண்ணப்பித்துவிட்டு என் கடையில் நின்று அழுத பிள்ளைகள் எத்தனையோ பேர். முதலில் விடைத்தாள் நகலை வாங்கு என்று அதட்டினேன்.

நகல் வந்தது. பெரிய கணக்கொன்றைப் பின்பக்கத்திலும் தொடர்ந்திருக்கிறாள். அந்தப் பக்கத்தில் சிவப்பு மையே இல்லை. திருத்திய புண்ணியவான் தாளைத் திருப்பவே இல்லை. நான் கத்தித் தீர்த்தேன். அவள் மட்டும் நிதானமாகச் சொன்னாள்: "போட்டாத்தானேக்கா கூட்ட முடியும்."

பிராசஸ்

மறுமதிப்பீட்டுக்கு விண்ணப்பித்தோம். ஒன்றரை மாதம் தினமும் பார்த்தேன். 'பிராசஸில் உள்ளது' என்ற அதே வரி. கௌசல்யாவின் அம்மா செல்வி, அதே எஸ்டேட்டில் பேக்கிங் வேலை பார்ப்பவர். ஷிப்ட் முடிந்ததும் நேராகக் கடைக்கு வந்து ஸ்கிரீனை எட்டிப் பார்ப்பார். ஒருநாள் கேட்டார்: "பிராசஸ்ல கீதுன்னா, பண்ணிகினு கீறாங்கோன்னு அர்த்தமா, இன்னும் தொடவேயில்லன்னு அர்த்தமா?"

விசாரித்த லட்சணம்

பல்கலைக்கழகத்துக்குப் போன் போட்டேன். நாலு பேரிடம் மாற்றிவிட்டு, ஐந்தாவதாக ஒருவர் பேசினார். முடிவு எப்போது வரும் என்று சொல்ல முடியாதாம். அதே பேப்பருக்குத் துணைத்தேர்வு மட்டும் தேதி தவறாமல் நடக்குமாம். குரலில் அப்படியொரு அக்கறை: "எதுக்கும் அதையும் எழுதிடச் சொல்லுங்க மேடம், எல்லாரும் அப்படித்தான் பண்றாங்க."

மனு

அந்த 'எல்லாரும்'தான் என்னைக் கிளப்பிவிட்டது. கௌசல்யா பெயரில் தகவல் அறியும் உரிமைச் சட்டத்தில் மனு எழுதினேன். இரண்டே கேள்வி: இவள் தாள் இப்போது எந்த நிலையில் இருக்கிறது, முடிவு எந்தத் தேதிக்குள் வரும்? கோபத்தில் திரும்பவும் ஃபெயிலாக்கிவிடுவார்களோ என்று கௌசல்யா நடுங்கினாள். தன் விடைத்தாளைப் பார்க்க மாணவருக்கு உரிமை உண்டென்று உச்ச நீதிமன்றமே சொல்லியாச்சு, மனுவுக்கு முப்பது நாளில் பதில் தந்தாக வேண்டும், நீ என்ன அவர்கள் வீட்டுச் சொத்தையா கேட்கிறாய் என்றேன். பூந்தமல்லி தபாலாபீஸில் பதிவுத் தபாலில் அனுப்பினோம்.

இருபத்தேழாம் நாள் பதில் வந்தது, முத்திரையோடு. இரண்டு வாரத்துக்குள் முடிவு வெளியாகும் என்று எழுதியிருந்தது. அதைக் காட்டியதும் கம்பெனியில் அதுவரை பொறுப்பதாகச் சொன்னார்கள். முடிவும் வந்தது, துணைத்தேர்வு நடந்த அதே காலையில். பாஸ். எனக்குக் கண்ணீரே வந்துவிட்டது. ஆனால் எதற்கும் இருக்கட்டும் என்று அந்தத் தேர்வுக்கும் பணம் கட்டியிருந்தவள், போனை அணைத்துவிட்டு ஹாலுக்குள் இருந்தாள். மூன்று மணி நேரம், பாஸான பேப்பரையே எழுதிவிட்டு வெளியே வந்தவளிடம் விஷயத்தைச் சொன்னேன். கேள்வித்தாளை மடித்துப் பைக்குள் வைத்தாள். அப்புறம் சிரித்தாள்: "இந்த வாட்டி ஒவ்வொரு பக்கத்துக்கு அடியிலயும் 'பின்பக்கம் பார்க்க'ன்னு எழுதியிருக்கேன்க்கா."

ஒரு தாளைத் திருப்ப ஒரு நொடிதான், திருப்ப வைக்கத்தான் ஒரு சட்டமே வேண்டியிருக்கிறது.