ஜெனரல் ஆற்றைக் கடந்த அமாவாசை

முதலில் ஒன்றை ஒப்புக்கொண்டுவிடுகிறேன். மூன்று வருடங்களுக்கு முன் இதே வலைப்பூவில், ராஸ் அல் கைமாவிலுள்ள ஒரு தனியார் காட்சியகத்தில் பிரிட்டிஷ் ஜெனரல் ஒருவரின் படங்களை ‘என் கண்ணால் பார்த்தேன்’ என்று எழுதியிருந்தேன். பார்க்கவில்லை. அங்கே போனது உண்மை. கதவு பூட்டியிருந்தது. எதிரே இருந்த கடையில் மந்தி என்கிற அரபுக் கறிச்சோற்றை ஒரு முழுத் தட்டு சாப்பிட்டுவிட்டு, வயிறு கொடுத்த தைரியத்தில் வீடு திரும்பி, இணையத்தில் அங்கொன்றும் இங்கொன்றுமாகப் பொறுக்கி, இரண்டு உலகப் போர்களிலும் அவருக்குப் பக்கத்தில் குடை பிடித்து நின்றவன் போல எழுதிவிட்டேன். கட்டுரை மொத்தம் நாற்பத்தோரு முறை படிக்கப்பட்டது. அதில் ஒன்பது முறை என் மனைவி, பிழை கண்டுபிடிப்பதற்காக.

ஜெனரலின் பெயரை இந்த முறை எழுதப்போவதில்லை. போன முறையே இரண்டு விதமாக எழுதியிருக்கிறேன்.

மிச்சமிருந்த வாசகர்களில் ஒருவர் போன மாதம் போன் செய்தார். பெயர் முருகேசன். ஊர் கமுதிப் பக்கம். துபாய் சோனாப்பூர் கேம்ப்பில் தங்கி, கட்டடங்களுக்குச் சாரம் கட்டும் கோஷ்டியில் ஃபோர்மேனாக இருக்கிறார். அவருடைய பூட்டன் முதல் உலகப் போரில் கோவேறு கழுதை ஓட்டுகிற வேலைக்கு மெசபடோமியாவுக்குக் கப்பலேறியவர். திரும்பவில்லை. குடும்பத்தில் தங்கியது அவருக்கு மேலே இருந்த கேப்டன் துரையின் பெயர் மட்டும். அந்தக் கேப்டன்தான் பின்னாளில் நம் ஜெனரல். பெயரைத் தேடியபோது தமிழில் அகப்பட்டது என் கட்டுரை ஒன்றே ஒன்று.

“செத்த நாள் தெரியாம ஆடி அமாவாசைக்குப் பொதுவாக் குடுத்துட்டு இருந்தோம் சார். நீங்க எழுதுனதப் படிச்சுத்தான் நாளே தெரிஞ்சுச்சு. ரெண்டு வருசமா அன்னைக்குத்தான் திதி குடுக்குறோம்” என்றார்.

எந்த நாள் என்று எனக்கே தெரியவில்லை. ‘அப்படியா, மகிழ்ச்சி’ என்று சொல்லி வைத்துவிட்டு என் கட்டுரையை நானே தேடிப் படித்தேன். ‘மாசி மாதத்து அமாவாசை இருட்டில் படை ஆற்றைக் கடந்தது. கழுதைக்காரர்களில் பலர் மறுகரை ஏறவில்லை.’ இந்த வரியில் மாசி என்னுடையது. அமாவாசையும் என்னுடையது. வாக்கியம் மொட்டையாகத் தெரிகிறதே என்று சேர்த்தது. ஆறு மட்டும்தான் அசல்.

மாசி அமாவாசைக்கு ஒன்பது நாள் இருந்தது. இந்த முறை முருகேசனின் அம்மா, வீங்கிய முழங்காலோடு, இளைய மகனை அழைத்துக்கொண்டு ராமேஸ்வரத்துக்கே போய்த் திதி கொடுப்பதாக ஏற்பாடு. அதற்குள் முருகேசனுக்கு அந்தத் துரை முகத்தை ஒருமுறை பார்க்க வேண்டுமாம். நீங்கள் பார்த்த இடம்தானே, கூட்டிப் போங்கள் என்றார் முருகேசன். நான் பார்த்த இடம்தான். வெளியிலிருந்து.

ஞாயிறு காலை 7.10க்குத் துபாய் கராமாவில் என் வீட்டிலிருந்து கிளம்பினேன். சோனாப்பூர் 22 கிலோமீட்டர். முருகேசன் இஸ்திரி போட்ட சட்டையில் கேம்ப் வாசலில் நின்றிருந்தார். அங்கிருந்து 311 சாலையைப் பிடித்தால் ராஸ் அல் கைமா சுமார் 90 கிலோமீட்டர். நாங்கள் போன வழியில் சாலிக் என்கிற சாலைச் சுங்கம் எதுவும் பிடிக்கவில்லை. உம் அல் குவைன் தாண்டி கரக் டீ, தலைக்கு இரண்டு திர்ஹம். சர்க்கரை வேண்டாம் என்று வண்டியில் உட்காரும்போதே கத்திச் சொல்லிவிடுங்கள். பிறகு சொல்லிப் பயனில்லை.

வழியில் உண்மையைச் சொல்லிவிடலாம் என்று மூன்று முறை தொண்டையைச் செருமினேன். ஒவ்வொரு முறையும் அவர் ஏசியைக் குறைத்து வைத்தார். பிறகு அவரே ஆரம்பித்தார்.

“ஒரு சந்தேகம் சார். மூணாவது பத்தியில தொரைக்கு எடது கை போயிருது. கடைசிப் பத்தியில ரெண்டு கையாலயும் தொப்பியக் கழட்டுறாரே?”

என் எழுத்தை இத்தனை கவனமாக ஒருவர் படிப்பார் என்று தெரிந்திருந்தால் எழுதியே இருக்கமாட்டேன்.

காட்சியகம் என்பது ஓய்வுபெற்ற அரபு ராணுவக்காரர் ஒருவரின் வீட்டு முன்கூடம். ஈராக்கின் பாஸ்ராவில் ஒரு பழைய பெட்டியை மொத்தமாக வாங்கியதில் இந்த ஜெனரலும் வந்து சேர்ந்தாராம். பார்த்துக்கொள்பவர் ஹம்ஸா, கேரளத்துத் திரூர்க்காரர். சுவரில் வரிசையாக ஆறு படங்கள். முதல் படத்தில் நரைத்த ஜெனரல், நெஞ்சு நிறையப் பதக்கம், ஒரு கை இல்லை. அடுத்ததில் மீசை அரும்பிய லெப்டினன்ட், இரண்டு கை. மூன்றாவதில் மறுபடி ஒற்றைக் கை. நான்காவதில் கை முளைத்துவிட்டது.

“பெயிண்ட் அடிச்சப்போ எல்லாம் எறக்கி வெச்சு. பின்னே சைஸ் நோக்கி மாட்டியதா சாரே. காணான் நல்ல பங்கியில்லே?” என்றார் ஹம்ஸா. அழகாகத்தான் இருந்தது. புரியத்தான் இல்லை.

கைகளை எண்ணித்தான் அவருடைய வாழ்க்கையை வரிசைப்படுத்த முடிந்தது. இரண்டு கையோடு கழுதைப் படையின் கேப்டன். ஆற்றங்கரையில் குண்டு பட்டு இடது கை போனது (என் மூன்றாம் பத்தி சரி!). இரண்டு போர்களுக்கும் நடுவே குவெட்டாவில் இளம் அதிகாரிகளுக்குப் பாடம். இரண்டாம் போரில் ஜெனரலாகி, அதே பாஸ்ராவில் வந்திறங்கி, கழுதைக்குப் பதில் லாரியில் சரக்கு அனுப்பினார். கடைசியில் அதே ஆற்றங்கரையில், காலிச் சட்டைக்கையை ஊக்கால் குத்திக்கொண்டு தனியாக நிற்கிறார். இவர் முதலில் சண்டை போட்டு வென்றாரா, தோற்றாரா, எதற்கு மறுபடி வந்தார் என்பதெல்லாம் எனக்கு இன்னும் குழப்பம்தான்.

ஆற்றைக் கடக்கும் படம் நான்காவது. கீழே ஆங்கிலத்திலும் அரபியிலும் குறிப்பு. கேப்டனின் படைப்பிரிவு ஆற்றைக் கடக்கிறது, இடம் மெசபடோமியா என்று ஆங்கிலத்தை வாசித்துச் சொன்னேன். முருகேசன் துரையைப் பார்க்கவே இல்லை. கயிற்றைப் பிடித்து நின்ற கழுதைக்காரர்களை ஒவ்வொரு முகமாகப் பார்த்தார். பதினான்கு பேர். எல்லாருமே அவர் ஜாடையில் இருப்பதாக எனக்குப் பட்டது. அவர் பூட்டனைத் தேடுகிறார் என்று நினைத்தேன்.

“சார், இது உச்சி வெயிலு.”

நான் குனிந்து படத்தை மறுபடி பார்த்தேன்.

“நெழலு கழுத வயித்துக்கு அடியிலயே கெடக்கு பாருங்க. எங்க சைட்ல இந்த நெழலப் பாத்துத்தான் சோத்துக்கு எறங்குவோம். அமாவாச இருட்டுன்னு எழுதுனீங்க.”

சொன்னேன். பூட்டிய கதவு, மந்தி, மொட்டையாகத் தெரிந்த வாக்கியம், எல்லாவற்றையும். ஹம்ஸா கஹ்வாக் காப்பியும் பேரீச்சம்பழமும் கொண்டுவந்து வைத்துவிட்டு, எங்கள் முகத்தைப் பார்த்து உள்ளே போய்விட்டார். முருகேசன் திட்டுவார் என்று காத்திருந்தேன். அவர் போனை எடுத்து வீடியோவில் அம்மாவைக் கூப்பிட்டு என் கையில் கொடுத்தார். “நீங்களே சொல்லுங்க. என்னால முடியாது.”

அந்த அம்மாவிடமும் சொன்னேன். மாமியார் முன்னால்கூட நான் அப்படி நின்றதில்லை. முழுக்கக் கேட்டார்.

“எழுதுறதுக்கு வேற நாளே கெடைக்கலயாப்பா உனக்கு?” என்றார். அடுத்து, “அந்தத் தொரயக் காட்டு.”

பதக்கப் படத்தின் முன்னால் போனைப் பிடித்தேன்.

“எங்க வீட்டு ஆள ஆத்துல விட்டுட்டு, இவரு ஒத்தக் கையோட எம்புட்டுப் பெரிய பதவிக்கு வந்துட்டாரு” என்றார். பிறகு மகனைக் கேட்டு வாங்கி, ராமேஸ்வரம் போகவில்லை, பொய் நாளில் தண்ணி தெளிக்க மாட்டேன், பழையபடி ஆடிக்கே கொடுத்துக்கொள்ளலாம் என்று முடித்துவிட்டார்.

திரும்பும்போதும் தொண்டையைச் செருமிப் பார்த்தேன். முருகேசன் ஏசியைத் தொடவில்லை. சோனாப்பூரில் இறங்கும்போது மட்டும், “அந்தக் கட்டுரைய அழிச்சிருங்க சார், வேற யாரும் திதி குடுத்துறப் போறாங்க” என்றார். அன்றிரவே அழித்துவிட்டேன்.

போக நினைப்பவர்களுக்கு: முந்தைய நாளே போன் செய்துவிட்டுப் போங்கள். ஞாயிறு பத்திலிருந்து ஒரு மணிவரைதான் திறப்பார்கள். கட்டணம் கிடையாது. போக வர எனக்கு 45 திர்ஹம் பெட்ரோல். எதிர்க் கடையில் மந்தி இப்போது கொஞ்சம் உப்பு தூக்கல், மனசாட்சியாகவும் இருக்கலாம். படங்களை இடமிருந்து வலமாகப் பார்க்காதீர்கள், கைகளை எண்ணுங்கள். முடிந்தால் அரபி வாசிக்கத் தெரிந்த ஒருவரையும் கூட்டிப் போங்கள்.

இதை ஏன் சொல்கிறேன் என்றால், அந்த ஆற்றுப் படத்தைப் போனில் எடுத்து வைத்திருந்தேன். மாசி அமாவாசை கழிந்து இரண்டு நாள் ஆனபிறகு, ஆபீஸில் எகிப்தின் அலெக்ஸாண்ட்ரியாக்காரர் ஒருவர் அதைப் பார்த்தார். கீழே ஆங்கிலத்தைவிட அரபியில் ஒரு வரி அதிகமாம். ‘இது ஒத்திகை. படை கடந்தது மறுநாள் இரவு, நிலா இல்லாத நேரத்தில்.’

மாதம் போடவில்லை.