நான் நீட்டிய விரல்

சூளகிரிப் பக்கம் ஒரு பழைய பங்களாவில் சினிமா எடுத்தார்கள். அந்தக் காலத்து விலைமாதர் வீட்டில் வாழ்ந்த பெண்களின் கதை. எனக்கு வாடிக்கையாளர் வேஷம். ஒட்டு மீசையும் தலைப்பாகையுமாகக் கல்யாண பேண்ட் வாசிப்பவன் போலிருந்தேன். ஆனாலும் எங்கள் ஊர் மத்திகிரி முழுக்கத் தம்பட்டம் அடித்திருந்தேன்.

வரிசையாக நிற்கும் பெண்களைப் பார்த்தபடி நடந்து, ஒருத்தியை விரலால் காட்ட வேண்டும். முதல் தடவையிலேயே ஓகே!

"எங்கே சார் கத்துக்கிட்டீங்க?" என்றார் டைரக்டர்.

நான் காட்டிய பெண்ணே பதில் சொன்னாள். "தினமும் கம்பெனி கேட்டுல பண்றதுதானே? நேத்து என்னைத் தாண்டிப் போயிட்டாரு. அடுப்பே எரியல. இன்னிக்காவது காட்டினாரே!"

பவுடருக்குள் அப்போதுதான் முகம் தெரிந்தது. தினக்கூலிக்கு எங்கள் கேட்டில் நிற்பவள். அங்கே ஆள் பொறுக்குகிற சூப்பர்வைசர் நான். எல்லோரும் சிரித்தார்கள். நானும் சிரித்துப் பார்த்தேன், மீசைதான் கழன்று விழுந்தது.

மறுநாள் கேட்டில் விரல் எழவில்லை. முதல்முறையாக ஒவ்வொருவரிடமும் பேர் கேட்டேன். அவள் மாதம்மாவாம். பேர் கேட்ட பிறகும் சிலரைத் திருப்பி அனுப்பத்தான் வேண்டியிருந்தது. ஆனால் அது முன்புபோல் சுலபமாக இல்லை.

படம் வந்தது. குடும்பத்தோடு போனேன். திரையில் என் முகமே இல்லை, விரல் மட்டும்தான்.

"எங்கங்க நீங்க?" என்றாள் மனைவி.

'அதோ' என்று காட்டக் கையைத் தூக்கியவன், மடக்கிக்கொண்டேன்.