பிள்ளையாருக்கு ஐந்து இலை குறைந்த கதை

போன வாரம் உங்கள் வீட்டுப் பிள்ளையார் சதுர்த்தி எப்படி? கொழுக்கட்டை ஒழுங்காக வெந்ததா, அல்லது வாய் பிளந்து பூரணத்தைத் துப்பியதா? எங்கள் வீட்டில் கொழுக்கட்டைக்கு ஒரு குறையும் இல்லை. இலையில்தான் தகராறு வந்தது.

சாப்பிடுகிற வாழையிலை இல்லை. பூஜைக்குப் போடுகிற இலை.

சதுர்த்தியன்று பிள்ளையாருக்கு இருபத்தொரு வகை இலை வேண்டும். வேறு ஊர்களில் ஒரு பிடி அருகம்புல்லோடு அவர் சமாதானமாகிவிடுகிறார் என்று கேள்வி. மயிலாப்பூரில் அது நடக்காது. இங்கே மாமிகள் எண்ணுவார்கள்! கட்டைப் பிரித்து, முறத்தில் பரப்பி, விரல் மடக்கி ஒவ்வொன்றாக எண்ணுவார்கள். கணக்கு சரியாக வந்த பிறகுதான் பூஜை மணியைக் கையில் எடுப்பார்கள்.

எங்கள் மூன்று தெருவுக்கும் இந்த இலைக்கட்டு கொண்டுவருபவள் குப்பம்மா. மாட வீதி முனையில் கூடையோடு உட்கார்ந்திருப்பாளே, அவள்தான். தினசரி துளசியும் வில்வமும் அவளுடைய வியாபாரம். சதுர்த்திதான் அவளுக்குப் பெரிய நாள். முப்பது வீட்டுக்காவது கட்டு கட்டுவாள். அதற்காக இரண்டு நாள் முன்பே அடையாறு பாலத்தைத் தாண்டிப் போய், அந்தப் பக்கத்துப் புதர்க்காட்டில் அலைந்து, தலைச்சுமையாகக் கொண்டுவந்து சேர்ப்பாள்.

சதுர்த்தி காலையில் நானும் என் அத்திம்பேரும் — அக்காவின் கணவர், போன வருஷத்துக்கு முந்தின வருஷம் கவர்ன்மென்ட் ஆபீஸிலிருந்து பென்ஷன் வாங்கிக்கொண்டு வந்தவர் — களிமண் பிள்ளையார் வாங்கப் போயிருந்தோம். பிள்ளையாரை மணையில் வைத்து, காகிதக் குடையைச் செருகி, அத்திம்பேர் பயபக்தியோடு ஏந்தி வந்தார். மாட வீதி முனையில் பார்த்தால் ஒரே கூட்டம். நடுவில் குப்பம்மா. சுற்றிலும் மடிசார் மாமிகள். எல்லோருக்கும் முன்னால் என் அக்கா, இடுப்பில் கை வைத்துக்கொண்டு.

"பதினாறுதாண்டி இருக்கு. நாலு தரம் எண்ணிட்டேன்!"

"பதினாறுதான் கீது மாமி. நான் இல்லேன்னு சொன்னனா?"

"மீதி அஞ்சு எங்கே? வன்னி இல்லை, நொச்சி இல்லை, இலந்தை இல்லை, கண்டங்கத்திரி இல்லை, விஷ்ணுகிராந்தி இல்லை. பிள்ளையாரையே ஏமாத்தறயா நீ?"

"அடுத்த வருஷம் திருவல்லிக்கேணிலேருந்து வரவழைச்சுக்கலாம்" என்றாள் ஒரு மாமி.

"அடுத்த வருஷம் என்ன? நாளைலேருந்து துளசியே இவகிட்ட வேண்டாம்" என்றாள் இன்னொருத்தி.

அதுவரை சரிக்குச் சரி வாயாடிக்கொண்டிருந்த குப்பம்மாவுக்கு இதைக் கேட்டதும் சுருதி இறங்கிவிட்டது. முப்பது வீட்டு வாடிக்கை போய்விட்டால் அந்த முனையில் அவள் எதற்காக உட்கார வேண்டும்? அவள் வீட்டில் சம்பாதிக்கிறவள் அவள் ஒருத்திதான்.

மாமிகளைக் கையெடுத்துக் கும்பிட்டுவிட்டு ஆரம்பித்தாள். "நான் இன்னா மாமி பண்ணுவேன்? ரெண்டு நாளா சுத்திகினே இருந்தேன். பொறுக்கற எடம் அல்லாம் பூட்ச்சி. மாம்பலத்து ஏரிக்கரை இருந்திச்சி. ஏரியத் தூத்து வூடு கட்றாங்கோ. சரி, ஆத்துக்கு அந்தாண்ட காடு கீதேன்னு போனா… எவனோ ஒரு பென்சன்காரனாம்! பொயுது போவலைன்னு காட்டை வெட்டிட்டுக் கத்திரிக்கா போட்டுகினு கீறான். கஸ்மாலம்! அவனைப் பாத்து இன்னும் நாலு பேரு. வன்னி மரம் அடுப்புக்குப் பூட்ச்சி. கண்டங்கத்திரிய வேரோட புடுங்கிட்டாங்கோ."

நான் அத்திம்பேரைப் பார்த்தேன். அத்திம்பேர் மணையிலிருந்த பிள்ளையாரைப் பார்த்தார்.

ஆம்… அந்தப் பென்ஷன்காரர் அவரேதான்!

அது மட்டுமா? இன்னொரு உண்மையையும் சொல்லிவிடுகிறேன். அவரை அந்தக் காட்டுக்கு அனுப்பியது நான். ரிடையரான முதல் மாதம் அத்திம்பேர் சமையலறை டப்பாக்களை அகர வரிசைப்படி அடுக்கினார். இரண்டாவது மாதம் அக்கா என்னைத் தனியாகக் கூப்பிட்டு, "இவருக்கு எங்கேயாவது ஒரு வேலை பாத்துக் குடுடா, இல்லேன்னா நான் காசிக்குப் போறேன்" என்றாள். தெரிந்தவர் ஒருவருக்கு அடையாற்றுக்கு அப்பால் நாலு ஏக்கர் புதர் நிலம் சும்மா கிடந்தது. குத்தகைக்குப் பேசி முடித்தேன்.

முதல் வருஷம் ஒரு ஏக்கரை வெட்டினார். கண்டங்கத்திரி முள் காலில் ஏறிவிட்டது என்று அதைப் பிடுங்கிப் போட்டுவிட்டு, அதே இடத்தில் கத்திரி நட்டார். என்ன விளைச்சல் என்கிறீர்கள்! கத்திரிக்காய் ஒவ்வொன்றும் மினுமினு என்று… தெருவுக்கே விநியோகம். என் வீட்டில் நாற்பது நாள் தொடர்ந்து கத்திரிக்காய்தான். இதைப் பற்றி இதே பக்கத்தில் நான் எழுதியதும் உங்களுக்கு நினைவிருக்கலாம். 'பென்ஷன்காரர்களே, மண்வெட்டி எடுங்கள்!' என்று முழங்கியிருந்தேன். நான் எழுதுவதையெல்லாம் நீங்கள் கேட்பதே இல்லையே என்று எனக்கு ரொம்ப நாள் வருத்தம். அந்த ஒரு தடவை மட்டும் கேட்டுத் தொலைத்தீர்கள். நாலு பேர் மண்வெட்டியோடு பாலம் தாண்டினார்கள்.

இரண்டாம் விளைச்சல்? காய் கோலிக்குண்டு அளவுதான் வந்தது. காலம் காலமாக இலை விழுந்து மக்கிக் கிடந்த மண். அந்தச் சத்தை முதல் பயிரே தின்று தீர்த்துவிட்டது. அத்திம்பேர் அசரவில்லை. "இந்த மண் களைச்சுப் போச்சு. புது மண் வேணும்" என்றார். இன்னும் ஓர் ஏக்கரை வெட்டினார். பிறகு முயல்கள் வந்து நாற்றைக் கடித்தன. அத்திம்பேர் யோசித்தார். "முயல் எங்கேருந்து வரது? காட்டுலேருந்துதானே? காட்டை வெட்டிட்டா?" ஆபீஸ் மூளை பாருங்கள்! மூன்றாவது ஏக்கரும் போயிற்று. மிஞ்சிய கடைசி ஏக்கரையும் வெட்டச் சதுர்த்திக்கு மறுநாள் வரச்சொல்லி விறகு வெட்டுகிறவர்களிடம் சொல்லி வைத்திருந்தார்.

இத்தனையும் மாட வீதி முனையில், மணைக்குப் பக்கத்தில் நின்றபடி என் மனதில் ஓடியது. பேசாமல் நழுவிவிடலாமா? சத்தியமாகச் சொல்கிறேன், காலைக் கூட எடுத்து வைத்துவிட்டேன். ஆனால் குப்பம்மா முந்தானையால் முகத்தைத் துடைத்துக்கொண்டு, யாரும் வாங்காத கட்டுகளைத் திரும்பக் கூடைக்குள் வைக்க ஆரம்பித்தாள். அதைப் பார்த்துக்கொண்டு நழுவ முடியவில்லை.

"அக்கா, அவ மேல தப்பில்லை. அந்தக் கத்திரித் தோட்டம் நம்மாத்து அத்திம்பேரோடது" என்றேன்.

குப்பம்மாதான் முதலில் பதறினாள்.

"அய்ய! நீயா சாமி அது? கஸ்மாலம்னு உன்னியச் சொல்லல சாமி. அந்தத் தோட்டக்காரனைத்தான் சொன்னேன்!"

அத்திம்பேருக்கு ரோஷம் வந்துவிட்டது. "ஊராருக்குக் காய்கறி பயிர் பண்றது ஒரு குத்தமா? நான் வெட்டினது மூணே ஏக்கர். அதுக்கு அப்புறம் காடே இல்லையா என்ன?"

"அப்பால அடுத்த பென்சன்காரரு கீறாரு சாமி. அவரும் இதத்தான் சொல்றாரு."

அத்திம்பேர் மணையை ஏந்திக்கொண்டு வீட்டைப் பார்த்து நடந்தார். குப்பம்மா சொன்னதற்கு உங்களிடம் பதில் இருக்கிறதா? அத்திம்பேர் கேட்டதில் நியாயம் இல்லாமல் இல்லை. ஜனங்கள் பெருகுகிறார்கள், சாப்பிட வேண்டும், பயிர் வைக்க நிலம் வேண்டும். நான் காலையில் இரண்டு டம்ளர் காபி குடிக்கிறேனே, அந்தக் கொட்டை விளைகிற மலைச்சரிவு முன்பு என்னவாக இருந்திருக்கும்? வடைக்கு ஊற்றுகிற கடலை எண்ணெய் எந்தப் புதரை வெட்டின கொல்லையிலிருந்து வந்தது? உலகத்தில் ஒருவன்கூடக் காட்டை அழிக்க வேண்டும் என்று கிளம்புவதில்லை. எல்லோரும் நல்லவர்கள். எல்லோரும் மூணே ஏக்கர்தான் வெட்டுகிறார்கள். தன் வேலிக்கு அப்பால் நிறையக் காடு இருக்கிறது என்று எல்லோரும் நம்புகிறார்கள்.

வீட்டுக்கு வந்து பூஜை தொடங்கியது. சாஸ்திரிகள் ஒவ்வோர் இலைக்கும் மந்திரம் சொன்னார், அத்திம்பேர் போட்டார். வன்னியின் முறை வந்தது.

"வன்னி இல்லை" என்றாள் அக்கா.

"பாதகமில்லை. இல்லாததுக்குப் பதிலா அட்சதையைப் போடுங்கோ" என்றார் சாஸ்திரிகள்.

நொச்சிக்கு அட்சதை. இலந்தைக்கு அட்சதை. ஐந்து தடவை அத்திம்பேர் மஞ்சள் அரிசியை எடுத்துப் போட்டார். ஐந்து தடவையும் அக்கா அவரைப் பார்த்தாள். காட்டு இலை இருந்த இடத்தில் வயலில் விளைந்த அரிசி… அடையாற்றுக்கு அப்பால் நடந்ததும் இதுதானே என்று எனக்குத் தோன்றியது. சிரிப்பும் வந்தது, வெட்கமாகவும் இருந்தது. பிள்ளையார் முகத்தில் ஒரு கோபமும் இல்லை. அவர் கொழுக்கட்டையைப் பார்த்தபடி இருந்தார்.

கொழுக்கட்டை சாப்பிட்டு முடித்ததும் அக்கா புடவைத் தலைப்பைச் செருகிக்கொண்டு கிளம்பினாள். முப்பது வீட்டுக்கும் ஏறி இறங்கினாள். "தப்பு எங்காத்துலதான். குப்பம்மாவை யாரும் ஒண்ணும் சொல்லப்படாது. துளசி அவகிட்டத்தான் வாங்கணும்" என்று ஒவ்வொரு வாசலிலும் சொல்லிவிட்டு வந்தாள். இந்த வருஷத்துப் பழி தீர்ந்தது. ஆனால் அடுத்த வருஷம்? கடைசி ஏக்கரும் அடுப்புக்குப் போனால் குப்பம்மா எங்கே போவாள்?

மறுநாள் காலை ஒரு ஜட்கா வண்டி வைத்துக்கொண்டு அக்கா, அத்திம்பேர், குப்பம்மா, நான் எல்லோரும் பாலம் தாண்டினோம். விறகு வெட்டுகிறவர்கள் கோடாலியோடு காத்திருந்தார்கள். குப்பம்மா நேரே அந்தக் கடைசி ஏக்கருக்குள் புகுந்தாள். குனிந்தாள், நிமிர்ந்தாள், ஒரு புதருக்குப் பின்னால் காணாமல் போனாள். திரும்பி வந்தபோது உள்ளங்கையில் பொடிப்பொடியாக நீலப் பூவோடு ஒரு கொடி.

"விஷ்ணுகிராந்தி கீது மாமி! இலந்தையும் ரெண்டு செடி கீது. நான் முன்னெல்லாம் பெரிய காட்டாண்டதான் போவேன், இந்த மூலைக்கு வந்ததே இல்ல." அவள் முகம் அப்படி மலர்ந்திருந்ததை நான் பார்த்ததில்லை.

அத்திம்பேர் கொஞ்ச நேரம் மூக்குக்கண்ணாடியைத் துடைத்தார். பிறகு விறகு வெட்டுகிறவர்களைத் திரும்பிப் போகச் சொன்னார். அதோடு நிற்கவில்லை. முதல் ஏக்கரை மட்டும் சாணி எருப் போட்டுக் கத்திரிக்கு வைத்துக்கொள்வதாகவும், மற்ற இரண்டையும் மறுபடி காட்டுக்கே விட்டுவிடுவதாகவும் அறிவித்தார். நல்ல மனுஷர். எனக்கு அவரைக் கட்டிப்பிடித்துக்கொள்ளலாம் போல இருந்தது.

ஆனால் ஆபீஸ் பழக்கம் எங்கே போகும்? உடனே பையிலிருந்து நோட்டும் பென்சிலும் வெளியே வந்தன.

"சொல்லு குப்பம்மா. வன்னியை எந்த வரிசைல நடணும்? நொச்சிக்கு எத்தனை அடி விடணும்? வாய்க்கால் கிழக்கால வெட்டலாமா?"

குப்பம்மா வாயைப் பொத்திக்கொண்டு சிரித்தாள். "இன்னாத்துக்கு சாமி அதெல்லாம்? நீ ஒண்ணும் பண்ணாத. வெட்டாத, நடாத, தண்ணி ஊத்தாத. பக்கத்துல காடு கீதுல்ல, குருவியும் காத்தும் கொண்டாந்து போடும். நாலஞ்சு வருசம் சும்மா குந்திகினு இரு. அதுவா வரும்."

அத்திம்பேர் பென்சிலோடு திகைத்து நின்றார். "நாலஞ்சு வருஷமா? ஒண்ணுமே பண்ணாம ஒருத்தன் எப்படி உக்காந்திண்டிருக்க முடியும்?"

ஜட்காவிலிருந்து அக்காவின் குரல் வந்தது:

"ஏன்னா, அதுல உங்களுக்கு முப்பது வருஷ சர்வீஸ் இருக்கே!"